ஒருமுறை

அவர் பெயர் ஒகுமுரா.
வேகனில் மூட்டை ஏற்றும் சேவியரின் வாயில்
அது ‘ஒருமுறை’ ஆயிற்று.
நீடாமங்கலம் ரயில்வே கேட் முழுக்க
பிறகு அப்படித்தான் கூப்பிட்டது.
பொருத்தம்தான்.
எதையும் அவர் இரண்டாம் தடவை எடுத்ததில்லை.

கேட் போட்டதும் வந்துவிடுவார்.
மற்றவர்கள் இன்ஜினை அணைக்கிற நேரம்
அவருக்கு வேலை நேரம்.
கேமராவைக் கண்ணுக்குக் கொண்டுபோவதில்லை.
இடுப்போரம் சுருக்குப்பை போலக் கிடக்கும்.
மடங்காத முழங்கால் ஒன்றை இழுத்துக்கொண்டு
லாரிக்கும் ஆட்டோவுக்கும் நடுவே
ஒருக்களித்துப் போவார்.
எடுத்தாரா இல்லையா என்பது
எடுக்கப்பட்டவருக்கே தெரியாது.

என்ன தொழில் என்று போலீஸ் கேட்டது ஒருநாள்.
ஜப்பான் பாஷையில் செல்போனிடம் சொன்னார்.
செல்போன் தமிழில் சொன்னது:
“நான் தெருவை உண்கிறேன்.”
ஏட்டு கலியமூர்த்தி மீசைக்குள் சிரித்து
சரி, சாப்பிடுங்க என்றார்.

என் கடைக்கு வந்தது ஒரு வெள்ளிக்கிழமை.
ரெஜினா ஜெராக்ஸ், பத்திர ஆபீஸ் எதிரில்.
பட்டா, சிட்டா, அடங்கல், வில்லங்கம், இறப்புச் சான்று.
மனுஷ முகம் என்று என் மெஷின் பார்த்ததெல்லாம்
ஆதார் அட்டையில் இருப்பதுதான்.
நாற்பத்தொரு படம் நீட்டினார்.
கறுப்பைக் கூட்டு, இன்னும் கூட்டு என்று
விரலால் காட்டினார்.
டோனர் என்ன விலை என்று அவருக்கு யார் சொல்வது?

சூடாக வந்து விழுந்தன.
ரோட்டில் காயும் நெல்மேல் ஏறிப்போன சைக்கிளின் தடம்.
ஈரப்பதம் கூடுதல் என்று திருப்பியனுப்பப்பட்டவரின்
பின்கழுத்து, அதில் ஒட்டிய ஒரு பதர்.
வேகன் கதவில் சேவியரின் சட்டை, சேவியர் இல்லாமல்.
வெண்ணாற்றுப் பாலத்தில் ஒற்றைச் செருப்பு.

மெஷின் ஓடும்போது செல்போன் அவர் கதை சொன்னது.
ஊர் ஒரு துறைமுகம்.
அப்பா கப்பலுக்குப் பெயின்ட் அடித்தவர்.
நடுவில் பதினோரு வருஷம் ஃபிரிட்ஜ் விற்றாராம்.
அந்தப் பதினோரு வருஷம்
தெருவில் என்ன நடந்தது என்று
தனக்குத் தெரியாது என்றார்.
யாருக்குத்தான் தெரியும் என்றேன்.
அதைச் செல்போன் மொழிபெயர்க்கவில்லை.

முப்பத்தெட்டாவது படம், அந்தச் செவ்வாய்க்கிழமை.

அன்று கேட் இருபத்திரண்டு நிமிஷம்.
சரக்கு வண்டி நகர்ந்தது, நின்றது,
பின்னால் வந்தது, மறுபடி நின்றது.
ஆம்புலன்ஸ் கத்திக் கத்தி ஓய்ந்தது.
உள்ளே எலக்ட்ரீசியன் இளஞ்சேரன்.
(தஞ்சாவூர் போய்ப் பிழைத்தான்.
இடது கை மட்டும் இன்னும் சொன்னபடி கேட்பதில்லை.)

படத்தில் ஆம்புலன்ஸே இல்லை.
கம்பிக்கு இந்தப் பக்கம் எட்டு முகங்கள்.
சுழல்விளக்கு ஒவ்வொரு கன்னத்திலும்
சுண்ணாம்பு அடித்திருந்தது.
எட்டாவது நான்.
வாயில் பாதி பஜ்ஜி.

இதை ஏன் எடுத்தீர்கள் என்று கேட்டேன்.
குரல் கொஞ்சம் உயர்ந்துதான் போயிற்று.
“நீங்கள் நின்றீர்கள். நானும் நின்றேன்”
என்றது செல்போன், அறிவிப்பு சொல்லும் பெண்குரலில்.

அதில்தான் பேப்பர் சிக்கியது.
மூடியைத் திறந்து இழுத்தேன்.
விசிறி மடிப்பாக வந்தது,
குறுக்கே ரோலரின் கறுப்புக் கோடு,
என் பஜ்ஜி மேல் ஒரு தீற்றல்.
கசக்கி ஓரம் வைத்துவிட்டு
வேறொன்று எடுத்தேன், பளிச்சென்று, தொழில் சுத்தமாக.

அவர் கசங்கியதை எடுத்துக்கொண்டார்.
மடங்காத முழங்கால்மேல் வைத்து நீவினார்.
இரண்டுக்கும் காசு வைத்தார்,
நல்லதை மேசையிலேயே விட்டுவிட்டு.

என் இருபது வருஷ வேலையில்
இப்படி யாரும் என்னை அவமானப்படுத்தியதில்லை.

மறுவாரம் லாட்ஜைக் காலி செய்துவிட்டார் என்றார்கள்.
கோடு மட்டும் போகவில்லை.
ஒரு கிரயப் பத்திர நகலை
பத்திர ஆபீஸ் திருப்பி அனுப்பியது,
எல்லையில் கோடு விழுந்திருக்கிறது என்று.
டிரம்மைத் துடைத்தேன்.

நல்ல காப்பியின் முதுகில்
அந்த மாத டோனர் கணக்கை எழுதினேன்.
கணக்கு முடிந்து கிழிக்கப் போனால்
எட்டுப் பேரும் அப்படியே நிற்கிறார்கள்,
கேட் திறக்காமல்.

மேசைக் கண்ணாடிக்கு அடியில்
ரேட் அட்டைக்குப் பக்கத்தில் சொருகி வைத்தேன்,
கணக்கு எழுதிய பக்கம் மேலே.